பிலோமினாக்காவின் கடைசிக் கூறு

1. நான் மந்திரியான விதம்

பிள்ளைகளே, நான் சில மாதங்கள் ஒரு பிரதமரின் கீழ் நீர் மந்திரியாக வேலை செய்தவன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு வாட்டர் பம்ப் திருத்தப் பழகியவனுக்கு மந்திரிப் பதவி எப்படி வந்தது என்று கேட்பீர்கள்.

தொண்ணூறில் மறுபடி சண்டை தொடங்கியபோது பலாலிப் பக்கத்துத் தோட்டக்காரர்களான நாங்கள் ஊரை விட்டு மானிப்பாய்க்கு வந்தோம். அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் தங்க இடம் கிடைத்தது. குருநகரிலிருந்து கடற்றொழில் செய்யும் குடும்பங்களும் அதே பள்ளிக்கூடத்துக்கு வந்து சேர்ந்தன. கிணறு ஒன்றுதான். முதல் நாளே அங்கே சண்டை.

எங்கள் பக்கத்து வயதான ஒருவர் வாளிக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு, "நீங்கள் அள்ளவேண்டாம், நாங்கள் அள்ளி ஊத்துறம்" என்றார். அவர்கள் சாதி தொட்டால் கயிறு தீட்டு என்பதுதான் அதற்கு அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும். குருநகர் இளைஞர்கள் இருவர் சட்டைக் கையை மடிக்கத் தொடங்கினார்கள். அப்போது ஒரு பெண் இடுப்பில் குடத்தோடு நடுவே வந்து நின்றார்.

"அண்ணை, நான் கடகத்திலை கொண்டுவந்த மீன் எத்தினை வருசமா உங்கடை குசினிக்கை போனது. அப்ப என்ரை கையிலை ஒரு குறையும் இருக்கேல்லை. இப்ப கயித்தைத் தொட்டா மட்டும் வந்திடுமோ?"

எங்கள் பெண்கள்தான் முதலில் சிரித்தார்கள். அவரிடம் மீன் வாங்காத வீடு எங்கள் பக்கத்தில் குறைவு. பெரியவர் கயிற்றை விட்டுவிட்டார். அந்தப் பெண்தான் பிலோமினாக்கா.

அடுத்த பிரச்சினை முகாமுக்குத் தலைவர் யார் என்பது. இரண்டு பக்கமும் விட்டுக்கொடுக்கவில்லை. எங்களோடு இடம்பெயர்ந்து வந்த கனகசபை மாஸ்டர் குடியியல் படிப்பித்தவர். அவர் ஒரு யோசனை சொன்னார்.

"தலைவர் வேண்டாம். ஒரு மந்திரிசபை வைப்பம். ரெண்டு பக்கத்திலையும் சமனா மந்திரிமார். அவையள் கை தூக்கி ஒரு பிரதமரை எடுக்கட்டும். கை இறங்கினா பிரதமரும் இறங்கவேணும்."

விளையாட்டுப் பகிடியாகத்தான் தொடங்கியது. கிணற்றுக்கு நான், சமையலுக்குக் குருநகர் அந்தோனி, மலகூடத்துக்கும் குப்பைக்கும் எங்கள் பக்கத்து ஒருவர் என்று மந்திரிகள் வந்தார்கள். மாஸ்டர் சபாநாயகர். பிரதமர் யார் என்றதும் ஆண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். கடைசியில் எல்லோருக்கும் தெரிந்த ஒரே ஆளாகப் பிலோமினாக்காவுக்குக் கைகள் உயர்ந்தன. கால் ஏலாத அவருடைய கணவர் பாயில் இருந்தபடி, "அப்ப நான் ஆர்? பிரதமரின்ரை புருசனோ?" என்று கேட்டார்.

2. பிரதமரின் வேலை

பிரதமர் என்றால் காரும் கொடியும் என்று நீங்கள் நினைக்கலாம். எங்கள் பிரதமருக்கு இருந்தது ஒரு பிளாஸ்ரிக் கதிரை. அதிலும் பெரும்பாலும் அவருடைய கணவர்தான் உட்கார்ந்திருந்தார்.

காலையில் வேப்பமரத்தின் கீழ் மந்திரிசபை கூடும். ஒவ்வொருவரும் தன் வேலையைச் சொல்ல வேண்டும். நான் கப்பி தேய்ந்ததையும், கிணற்றுக்குக் குளோரின் போட்டதையும், பள்ளிக்கூடத்துப் பழைய பம்பின் புட்வால்வில் வோஷர் போனதையும் சொல்வேன். பிலோமினாக்காவுக்கு வோஷர் என்றால் என்னவென்று தெரியாது. ஆனால் "அது இல்லாட்டி என்ன நடக்கும்? எப்ப சரிவரும்?" என்ற இரண்டு கேள்வியை மட்டும் விடமாட்டார். மற்ற மந்திரிகளிடமும் அதே இரண்டு கேள்விதான்.

ஒருநாள் அந்தோனி ஒரு கிடாரம் கஞ்சியை அடிப்பிடிக்க விட்டுவிட்டான். பிள்ளைகள் வாயில் வைக்க முடியவில்லை. சனம் சத்தம் போட்டது. பிலோமினாக்கா எழுந்து, "ஈர விறகைப் போட்டு எரிக்கச் சொன்னது நான். ஏசிறதெண்டா என்னை ஏசுங்கோ" என்றார். ஏசினார்கள். அவர் நின்று கேட்டார். சனம் கலைந்த பிறகு அந்தோனியைக் கிடாரத்துக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போய் என்ன சொன்னாரோ தெரியாது, அதற்குப் பிறகு அவன் அகப்பையைக் கையிலிருந்து கீழே வைக்கவில்லை.

"மந்திரி பிழை விட்டா ஏச்சு எனக்கு. மந்திரி நல்லது செய்தா பேர் மந்திரிக்கு. உதென்ன உத்தியோகம் மாஸ்டர்?" என்று அவர் கேட்டார்.

"உதுதான் பிள்ளை பிரதமர் உத்தியோகம்" என்றார் மாஸ்டர்.

3. கூறு போட்ட நாள்

மாரி தொடங்கும் நேரம் வந்தது. வகுப்புகளை மறுபடி நடத்த வேண்டுமென்று பள்ளிக்கூடத்தார் சில அறைகளைக் கேட்டார்கள். அறைகளைக் கொடுத்தால் பாதிக் குடும்பங்கள் வளவில் போட்ட தென்னோலைக் கிடுகுக் கொட்டில்களுக்குப் போக வேண்டும். ஓட்டுக்குக் கீழே யார், கிடுகுக்குக் கீழே யார் என்பதுதான் கேள்வி.

உங்கள் பெரியக்கா அப்போது கைக்குழந்தை. அவளுக்கு இழுப்பு. ஈரக்காற்று பட்டால் நெஞ்சு பூனை போலச் சத்தம் போடும். ஆஸ்பத்திரியில் டொக்டர், "பிள்ளையை ஈரத்திலை வைச்சிருக்காதேங்கோ" என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்.

"நீங்கள் மந்திரி தானே. பிலோமினாக்காட்டை ஒரு சொல்லுக் கேட்டா என்ன?" என்றார் உங்கள் அம்மா.

கேட்டேன். பிலோமினாக்கா குழந்தையின் முதுகைத் தடவினார். பிறகு சொன்னார்: "தம்பி, நீ கேட்டது எனக்குக் கேக்கேல்லை. என்ரை மந்திரிக்கு நான் ஓட்டு வீடு குடுத்தா, நாளைக்கு உன்ரை கிணத்து வரிசையிலை ஆர் நிப்பினம்? கூறிலை வாறதை எடு."

கூறு என்பது கடற்கரை வழக்கம். பிடித்த மீனைக் குவியல் குவியலாகப் பிரித்து வைப்பார்கள். ஒருவர் குவியல்களுக்கு முதுகு காட்டி நிற்பார். இன்னொருவர் ஒரு குவியலைத் தொட்டு, "இது ஆருக்கு?" என்பார். திரும்பி நிற்பவர் ஒரு பெயரைச் சொல்வார். பெயர் சொல்பவர் தன் பெயரைக் கடைசியாகத்தான் சொல்ல வேண்டும். மிஞ்சியது எதுவோ அதுதான் அவருக்கு. இப்படிச் செய்தால் யாரும் வாய் திறக்க முடியாது என்று குருநகர்க்காரர் சொன்னார்கள். எங்கள் பக்கமும் ஒத்துக்கொண்டது.

பிலோமினாக்கா மதிலைப் பார்த்துத் திரும்பி நின்றார். மாஸ்டர் குடையால் இடங்களைத் தொட்டுக்கொண்டு போனார்.

"இது ஆருக்கு?"

"அந்தோனிக்கு."

வகுப்பறைகள் ஒவ்வொன்றாகப் போயின. என் பெயர் வரவில்லை. அதிபரின் பழைய அறையை மாஸ்டர் தாண்டிப் போனார். அது பள்ளிக்கூடத்துக்கு வேண்டும் போல என்று நினைத்தோம். அவர் கொட்டில்களுக்கு வந்தார். வேலியோரம், பள்ளத்தில் இருந்த கொட்டிலைத் தொட்டபோது பிலோமினாக்கா என் பெயரைச் சொன்னார். உங்கள் அம்மா குழந்தையை மற்றத் தோளுக்கு மாற்றிக்கொண்டார்.

மிச்சம் பிலோமினாக்காவின் பெயர் மட்டும். மாஸ்டர் திரும்பி நடந்து, அதிபரின் அறைக் கதவில் குடையால் தட்டினார். ஓடு, சீமெந்து நிலம், பூட்டக்கூடிய கதவு. முகாமிலேயே நல்ல இடம் அதுதான்.

"இது ஆருக்கு?"

"எனக்கு" என்று சொல்லிக்கொண்டு பிலோமினாக்கா திரும்பினார். எந்த இடம் என்று அப்போதுதான் கண்டார்.

4. கதிரை

"பிரதமருக்குப் பங்களா" என்று யாரோ பின்னால் சொன்னார்கள். அந்தோனிக்குக் கோபம் வந்துவிட்டது. "மாஸ்டர், உது கூறில்லை. கடைசிப் பேர் அக்காவின்ரை எண்டு தெரிஞ்சுதானே உதை ஒளிச்சு வைச்சனீங்கள்?"

மாஸ்டருக்கு விளங்கவில்லை. அவர் வளர்ந்த வீட்டில் பந்திக்கு வந்த பெரியவருக்கு நல்ல துண்டை எடுத்து வைப்பதுதான் மரியாதை. "முகாமுக்குப் பெரியவ அவ. நல்லதை அவவுக்கு வைச்சதிலை என்ன பிழை?" என்றார். அவர் களவு நினைக்கவில்லை. ஆனால் கடற்கரையில் கூறுக்குள் மரியாதையைக் கொண்டுவந்தால் கூறு கெட்டுப்போகும்.

கூறைத் திரும்பப் போடலாம் என்று ஒருவர் சொன்னார். அதற்குள் தூறல் தொடங்கிவிட்டது. பாதிப்பேர் மூட்டையோடு உள்ளே போய்விட்டார்கள். எழும்பச் சொன்னால் அடிபிடிதான். எல்லோரும் பிலோமினாக்காவைப் பார்த்தார்கள்.

அவர் கதிரையிலிருந்து கணவரை எழுப்பிப் பக்கத்தில் இருத்தினார். வெறும் கதிரையைத் தூக்கிக்கொண்டு போய் மாஸ்டருக்கு முன்னால் வைத்தார்.

"இந்த அறை பிரதமருக்கு வந்தது. பிலோமினாவுக்கு வரேல்லை. நான் பிரதமரை விடுறன். அறை இப்ப சபையின்ரை. சரியோ?"

மாஸ்டர் தடுமாறி, "சட்டப்படி சரி" என்றார்.

"அப்ப சபையிலை ஒரு ஆளா நான் ஒண்டு கதைக்கலாமோ?"

"ஓம்."

"இந்தப் பம்ப் மெசின்காரத் தம்பியின்ரை பிள்ளைக்கு இழுப்பு. டொக்டர் சொன்னது எல்லாருக்கும் தெரியும். பிரதமரா நிண்டு இதைக் கேட்டா, தன்ரை மந்திரிக்குச் செய்யிறா எண்டுவியள். இப்ப ஒரு மீன்காரி கேக்கிறன். அறையை அந்தப் பிள்ளைக்குக் குடுப்பமோ? அவையின்ரை கொட்டில் எனக்குப் போதும்."

முதலில் கை தூக்கியவர் கிணற்றடியில் கயிற்றைப் பிடித்திருந்த அந்தப் பெரியவர். பிறகு எல்லாக் கைகளும் உயர்ந்தன. பிலோமினாக்காவின் கணவர் மட்டும், "ஒரு கிழமையாவது பங்களாவிலை படுத்திட்டு விட்டிருக்கலாம்" என்றார். என்றாலும் அவருடைய கையும் மேலேதான் நின்றது.

அந்த மாரி கடுமையாக இருந்தது. உங்கள் அக்காவின் நெஞ்சு சத்தம் போடாமல் மாரியைக் கடந்தது. மாஸ்டர் பிரதமரானார், நல்லவர், ஆனால் ஏச்சுத் தாங்கமாட்டார், அடிக்கடி தலையிடி வந்துவிடும். பிலோமினாக்காவைத் திரும்ப வரச்சொல்லிக் கேட்டோம். வரவில்லை.

ஒருநாள் அவர் நனைந்த சேலையோடு நான் பம்ப் கழற்றும் இடத்துக்கு வந்து, "நீர் மந்திரி ஐயா, ஒரு முறைப்பாடு. எங்கடை கொட்டிலுக்கை கிணறு வெட்டாமலே தண்ணி வருது. உது உங்கடை இலாகாவோ?" என்று கேட்டார்.

கையில் இருந்த ஸ்பானரைப் போட்டுவிட்டு மண்வெட்டியோடு போனேன். கொட்டிலைச் சுற்றி வாய்க்கால் வெட்டி, மண் அணைத்து, கூரைக்கு என் தறப்பாளைக் கட்டினேன். அவர் அவிழ்க்கச் சொன்னார். "நீங்கள் இப்ப பிரதமர் இல்லைத்தானே, உங்களுக்குத் தந்தா ஒருத்தரும் ஒண்டும் சொல்லமாட்டினம்" என்றேன். அவர் சிரித்துவிட்டு அதை அப்படியே இருக்க விட்டார்.

நான் படித்த பாடம் இவ்வளவுதான். ஒரு கதிரையில் இருக்கும்போது உங்கள் கைக்கு வருவதில் எது கதிரைக்கு வந்தது, எது உங்களுக்கு வந்தது என்று பிரித்துப் பாருங்கள். பிரிக்க முடியாவிட்டால் எழும்பி நின்று பாருங்கள்.