பதினான்குக்குப் பதினான்கு

தொண்ணூறுகளில், வங்காளத்தில், டாக்குரியா ரயில் பாதையை ஒட்டி ஒரு மைதானம் இருந்தது. மாலையில் வாலிபால் ஆடுவோம். எனக்கு பாலிகஞ்சில் ஓர் ஆபீஸ் கேன்டீனில் சமையல் வேலை. படிப்பு ஐந்தாவதோடு சரி. பந்தை மட்டும் நன்றாக அடிப்பேன்.

எங்கள் பாடாவில், அந்தப் பத்துப் பன்னிரண்டு சந்துக்கும், கட்சி வைத்ததுதான் சட்டம். யாருக்கு வாடகை வீடு, யாருக்குத் தண்ணீர், எல்லாம் கட்சி ஆபீஸ் தாதா சொல்வதுதான். ஊர்வலம் என்றால் வீட்டுக்கு ஓர் ஆள் லாரியில் ஏற வேண்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் ஏறவில்லை.

"ஒடம்பு சரியில்லையா?" என்றார் தாதா.

"நல்லாத்தான் இருக்கேன். வரலை."

மறுநாளே உத்தரவு வந்தது. என்னோடு யாரும் பேசக் கூடாது. என் கையில் எதையும் கொடுக்கக் கூடாது. டீக்கடையில் டீ நின்றது. ஆட்டத்திலிருந்து மட்டும் விலக்கவில்லை. ஆள் போதாது. தவிர, நானே ஓடிவிடுவேன் என்று நினைத்தார்கள்.

தினமும் போனேன். எனக்குப் பந்து தரமாட்டார்கள். ஆனால் வாலிபாலில் இடம் சுற்றி வரும். சர்வீஸ் ஒவ்வொருவனுக்கும் வந்தே தீரும். என் முறை வந்தால் பந்தைத் தரையில் அப்படியே விட்டுவிடுவார்கள். நான் வலைக்கு அடியில் குனிந்து போய் எடுத்து வருவேன். மற்ற பதினோரு பேரும் காத்து நிற்பார்கள். நான் அவசரப்படமாட்டேன்.

"ஏய் மத்ராஜி, கொடி பிடிக்கக் கை வலிக்குது, பந்தடிக்க வலிக்கலையோ?" மைதான ஓரத்து நாற்காலியிலிருந்து தாதா வங்காள மொழியில் கத்துவார். எல்லோரும் சிரிப்பார்கள். நான் சர்வீஸ் போடுவேன்.

மூன்று மாதம் இப்படிப் போனது. ஒரு நாள் ஆட்டம் பதினான்குக்குப் பதினான்கு, இன்னும் ஒரு புள்ளிதான். என் முறை. தாதா எழுந்து வந்து பந்தின் மேல் செருப்புக் காலை வைத்தார்.

"அடுத்த ஊர்வலத்துக்கு வரேன்னு சொல்லு. எடுத்துக்கோ."

நான் கோட்டில் போய் நின்றேன். என் முறையில் வேறு எவனும் போட முடியாது. அவரும் காலை எடுக்கவில்லை. வெளிச்சம் மங்கியது. ஒவ்வொருவராக நழுவினார்கள். கடைசியில் தாதா பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போனார்.

மறுநாள் வலை கட்டவில்லை. அதற்கு மறுநாளும் இல்லை.

என் அணியில் இன்னொரு தமிழன், துறைமுகத்தில் குமாஸ்தா. குழாயடியில் என்னை மறித்தான்.

"உன்னாலதான்யா எல்லார் ஆட்டமும் போச்சு. ஒரு வார்த்தை சொன்னா நாக்கு அழுகிடுமா?"

மூன்று மாதத்தில் அவன் என்னோடு பேசிய முதல் பேச்சு. வரிசையில் நின்றவர்களும் சேர்ந்துகொண்டு வாய்க்கு வந்தபடி திட்டினார்கள். உத்தரவு ஒருவனுக்கும் நினைவில்லை.

"வலையைக் கட்டுங்க," என்றேன். "சர்வீஸ் என்னுது."