அக்கா கொடுத்த கிளாப்

பக்கத்து அறையிலிருந்து ‘டப்’ என்று ஒரு சத்தம். சற்றுப் பொறுத்து மறுபடியும் ‘டப்’.

“அக்காவுக்குத் தண்ணி வேணும்போல” என்று எழுந்தான் இயக்குநர்.

“ஒரு நிமிஷம் பொறுப்பாங்க, உட்காருங்க சார். பதில் சொல்லாம நழுவப் பாக்காதீங்க” என்றார் இசை நிறுவனத்தின் மேனேஜர்.

அவனுக்கு வயது நாற்பத்தாறு. பதினெட்டு வருடங்களில் முப்பது பாட்டு வீடியோக்கள் எடுத்திருக்கிறான். யாரோ பாட, யாரோ ஆட, எல்லாம் மூன்று மூன்று நிமிடங்கள். தனக்கென்று ஒரே ஒரு படம் எடுக்க ஆசைப்பட்டான். நடிகைக்கு எங்கே போவது? தையல் கடையில் குனிந்து குனிந்தே அவனைப் படிக்கவைத்த அக்காதான் நாயகி. கிளாப் பலகை பிடிக்கவும் ஆள் கிடையாது. காட்சியோடு ஒலியைப் பிறகு பொருத்த வேண்டுமே! ஒவ்வொரு ஷாட்டுக்கும் அக்காவே கேமரா முன்னால் கை தட்டுவாள். தட்டிய மறுகணம் கதையின் நாயகியாகவே மாறிக் கண் கலங்கி நிற்பாள்.

முக்கால் படம் முடிந்தபோது பக்கவாதம் அவளைச் சாய்த்தது. வலது கை விழுந்துவிட்டது. பேச்சு குழறியது. அன்றோடு அவனும் கேமராவைப் பையில் போட்டு மூடிவிட்டான். பத்து மாதமாகிறது.

“பெரிய நடிகையாப் போட்டு, அக்கா வர்ற சீனை மட்டும் மறுபடி எடுங்க. செலவு எங்களோடது. கசக்குதா?” என்றார் மேனேஜர்.

“படம் முழுக்கவே அக்காதான் சார்.”

“இனிமே அவங்களால முடியுமா? நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்க.”

மேனேஜர் ஒப்பந்தத் தாளை முன்னால் தள்ளினார். அவர் நீட்டிய பேனாவை அவன் வாங்கினான். அப்போது ‘டப்’! இந்த முறை சுவரே அதிர்ந்தது. பதறிப்போய் உள்ளே ஓடினான். மேனேஜரும் பின்னாலேயே வந்தார்.

அக்கா கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். படத்தில் போட்டிருந்த அதே நீலச் சால்வை, ஒற்றைக் கையால் இழுத்துப் போர்த்தியதில் கோணலாகத் தொங்கியது. இடது உள்ளங்கை சிவந்திருந்தது.

“என்னக்கா, தண்ணியா?”

“கிளாப்புடா, மக்கு!” வாய் குழறினாலும் திட்டு மட்டும் தெளிவாக வந்தது. “எவ்ளோ நேரம் கட்டிலைத் தட்டுறது? கேமராவை எடு.”

“அக்கா… கதையில அவ நல்லா நடமாடுறவளாச்சே.”

“நானும் நடமாடுனவதான்டா. எனக்கு வரலையா? அவளுக்கும் வரட்டும்.”

அவன் உதட்டைக் கடித்துக்கொண்டான். அப்படியும் கண்ணீர் நிற்கவில்லை. பேனாவை மேனேஜரிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு, தூசி படிந்த பையைத் திறந்தான்.

“யோசிச்சுக்கோங்க சார். இப்படி ஒரு வாய்ப்பு இனிமே வராது.”

“தெரியும் சார். மன்னிச்சிடுங்க.”

மேனேஜர் அக்காவைப் பார்த்தார். பேனாவைச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு திரும்பினார்.

“தம்பி” என்று அவரை அழைத்தாள் அக்கா. “போறப்போ வாசக்கதவைச் சாத்திடுங்க. தெருச்சத்தம் படத்துல விழும்.”

அவர் வெளியே போய், இரண்டு கையாலும் பிடித்து, சத்தமே வராமல் கதவைச் சாத்தினார்.