இரண்டு வாளிப் பாலும் ஒரு வர்க்கமூலமும்

முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன்: நான் ஒரு முட்டாள். அதிலும், அடுத்தவருக்குச் சொல்லிக்கொடுக்கிற முட்டாள். பத்தாண்டுப் படிப்பு முடிவில் வரும் ஓ.எல். பரீட்சையில், கணிதத்தில் உருண்டு புரண்டு ஓர் 'எஸ்' எடுத்து ஒப்பேற்றியவன். தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் அதுவே பெரிய படிப்பு.

தெஹியோவிட்டப் பக்கம் ஓர் இறப்பர் தோட்டத்தில் பால் நிறுப்பது என் வேலை. வேலைக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக் காம்பராவில் என் மனைவி உதவியாள். அங்கே பொறுப்பாளர் வேலை காலியாகப் போகிறது, கணிதம் மட்டும் பாஸ் பண்ணினால் அவளுக்குத்தான் என்றார்கள். வயதெல்லை முப்பத்தைந்து. அதைத் தொட அவளுக்குச் சில மாதங்களே இருந்தன.

மழைக்காலம். மழையில் மரப்பட்டையைக் கீறிப் பால் வெட்ட முடியாது, நிறுக்கப் பாலும் வராது. பகலெல்லாம் வாத்தியார் நான்.

எண்ணின் தலையில் ஏறும் அடுக்குகளை, சுட்டிகளை, அவளே பிடித்துக்கொண்டாள். ஐம்பதின் வர்க்கமூலத்தை ஐந்து மூலம் இரண்டு என்று என்னைவிட வேகமாகச் சுருக்கினாள். மூலக் குறிக்குள் ஒன்பது கூட்டல் பதினாறு வந்தபோதுதான் தயங்கினாள்.

"ரெண்டையும் கூட்டிட்டுத்தானே மூலம் எடுக்கணும்?"

"அட, ரெண்டு வாளிப் பாலத் தனித்தனியா நிறுத்தாலும் சேத்து நிறுத்தாலும் கிலோ மாறுமா? மூணும் நாலும் ஏழு. எழுது புள்ள."

"புஸ்தகத்துல அஞ்சுன்னு போட்டிருக்காங்களே."

"அச்சுப் பிழை."

அவள் தான் எழுதியிருந்த ஐந்தை அழித்து ஏழு எழுதினாள். அழித்த இடத்தில் தாள் கிழிந்தது.

பரீட்சையில் சுருக்கும் கணக்கிலும் செங்கோண முக்கோணத்திலும் என் விதியைத்தான் போட்டாளாம். முடிவு போனில் வந்தது: டபிள்யூ, அதாவது பெயில். அன்று மத்தியானம் பால் கொட்டகைத் தரையில், யாரும் பார்க்காத நேரம், மூன்றடியும் நான்கடியும் செங்கோணமாய்க் கோடு கிழித்து, குறுக்கே நாடா பிடித்தேன். ஐந்தடி. எவ்வளவு இழுத்தாலும் ஐந்துதான்.

பொறுப்பாளராக ருவான்வெல்லைப் பக்கத்திலிருந்து ஓர் இளம்பெண் வந்தாள். என் மனைவி அவளுக்குக் கீழே இப்போதும் குழந்தைகளின் பால் கோப்பைகளைக் கழுவுகிறாள். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. அதைத் தாங்க முடியாமல், ஒரு நாள் சாப்பாட்டு நேரத்தில் விஷயத்தை நானே அவிழ்த்தேன்.

"நம்ம கணக்குப்படி முக்கோணமே நிக்காது புள்ள. மூணும் நாலும் ஏழுன்னா, அது தரையோட தரையா என்னைய மாதிரி படுத்துக் கெடக்கும்!"

கறியை என் பக்கம் தள்ளி வைத்தாள்.

"எனக்குச் சிரிப்பு வரலங்க."