உப்பளத்து ஆட்டக்காரரும் ஒரு நடுவரும்

சதுரங்க நடுவர் வேலை என்பது நாள் முழுக்க மேசைகளுக்கு நடுவே நடந்துகொண்டே இருப்பதும், நடந்த தவறைப் பார்த்த பிறகு யாராவது கேட்கும்வரை காத்திருப்பதும்தான். கல்யாண மண்டபத்து மின்விசிறிக்கு அடியில் ஞாயிற்றுக்கிழமைகளைக் கழித்த என் சக நடுவர்களுக்கு அந்தக் கால்வலி தெரியும். உலகச் சாம்பியன்களைப் பற்றிப் புத்தகங்களில் துணுக்குகள் வருகின்றன. இவர் கண்ணைக் கட்டிக்கொண்டு இருபது பேரோடு ஆடினார், அவர் பலகைக்கு முன்னாலேயே உயிரை விட்டார் என்று. மரக்காணத்து ஆட்டக்காரர்களைப் பற்றி யாரும் எழுதவில்லை. வார நாட்களில் பள்ளி அலுவலகத்தில் கிளார்க்காகவும், ஞாயிறுகளில் நடுவராகவும் இருந்த நான் ஒருவரைப் பற்றியாவது எழுதிவைக்கிறேன்.

தூக்கிய மந்திரி

செல்வராஜ் உப்பளத்தில் வேலை பார்த்தார். காலையில் பாத்தியில் இறங்கி உப்பு வாருவார், மதியத்துக்குமேல் ஆடுவார். எங்கள் பக்கத்தில் அவரை ஜெயிக்கக்கூடியவர் ஒருவர்தான்: பொம்மையார்பாளையத்தில் துணிக்கடை வைத்திருந்த ரஹீம் பாய். வளைகுடாவில் ஒன்பது வருஷம் இருந்துவிட்டு வந்தவர். 2004இல் மாவட்டத் தேர்வுப் போட்டியின் கடைசிச் சுற்றில் இருவரும் மோதினார்கள். ஜெயிப்பவர் மாநிலப் போட்டிக்குப் போகலாம்.

ஆட்டம் செல்வராஜ் கையில் இருந்தது. யானையை நகர்த்தக் கையை நீட்டியவர், பக்கத்துக் கட்டத்தில் நின்ற மந்திரியைத் தூக்கி, உடனே கீழே வைத்தார். ரஹீம் என்னை நிமிர்ந்து பார்த்தார். நானும் பார்த்திருந்தேன். தொட்ட காயைத்தான் நகர்த்த வேண்டும் என்றேன். மந்திரியை நகர்த்தியதும் ராணி போயிற்று. பத்து நிமிஷத்தில் ஆட்டமும் போயிற்று. செல்வராஜிடம் கையெழுத்து வாங்கும்போது, மன்னிச்சிடுங்க என்றேன். அவர் சொன்னார்: "தொட்டது தொட்டதுதாங்க மேடம். நீங்க பாக்காத மாதிரி இருந்திருந்தா, அப்புறம் உங்கள நான் எப்பிடி நம்பறது?"

அஞ்சலை வந்த நாள்

அடுத்த வாரம் அவர் மனைவி அஞ்சலை என்னைத் தேடிப் பள்ளிக்கு வந்தார். கையில் புதுச்சேரி கண் ஆஸ்பத்திரியில் கொடுத்த சீட்டு. கண் நரம்பு போய்விட்டது, போனது திரும்பாது, மிச்சமிருப்பதும் ஒரு வருஷத்துக்குள் போய்விடும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். செல்வராஜ் வெளியில் யாரிடமும் சொல்லவில்லை. பாத்தி வரப்பைக் காலால் தடவித் தடவித்தான் நடந்துகொண்டிருந்தாராம். தெரிந்தால் வேலையை விட்டு நிறுத்திவிடுவார்களே என்ற பயம். அந்த ஞாயிற்றுக்கிழமை அவர் காய்களைப் பார்த்து ஆடவில்லை, ஞாபகத்தில் ஆடியிருக்கிறார் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது.

தெரிந்தும் ஏன் போட்டிக்கு அனுப்பினீர்கள் என்று கேட்டேன். அஞ்சலை சீட்டை மடித்துக்கொண்டே சொன்னார்: "எங்க போனாலும் தடுமாறுவாருங்க. செஸ் ஆட உக்காந்தா மட்டும் பழைய ஆளா இருக்காரு. அத நான் எப்பிடிங்க தடுப்பேன்?"

முகாமில்

டிசம்பரில் கடல் உள்ளே வந்தது. எக்கியார்குப்பத்தில் அவர்கள் வீட்டுக்குள் இடுப்புக்குமேல் தண்ணீர். அதற்குள் செல்வராஜுக்குப் பார்வை ஏறக்குறைய போயிருந்தது. அஞ்சலை அவர் கையைப் பிடித்து ரோட்டுக்கு இழுத்துக்கொண்டு ஓடி வந்திருக்கிறார். எங்கள் பள்ளிக்கூடமே முகாமாயிற்று. மூன்றாம் நாள் ஜமாத்திலிருந்து சோற்றுப் பொட்டலங்களோடு வந்தவர்களில் ரஹீமும் இருந்தார். நீட்டிய பொட்டலத்தைச் செல்வராஜ் காற்றில் தேடுவதைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.

நான்தான் விஷயத்தைச் சொன்னேன். ரஹீம் அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். "அன்னிக்கி நான் மேடத்த திரும்பிப் பாக்காம இருந்திருக்கலாம்ணே" என்றார். செல்வராஜ் குரல் வந்த பக்கம் திரும்பினார். "பாய், ராஜா சிப்பாய் ரெண்டு கட்டம். உங்க மூவு சொல்லுங்க" என்றார். பலகை இல்லை, காய்கள் இல்லை. இழந்ததைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தவர்கள் நடுவே இரண்டு பேர் வாயால் ஆடினார்கள். அரை மணி நேரத்துக்குப் பிறகு ரஹீம் குதிரையை நகர்த்துவதாகச் சொன்னார். செல்வராஜ் மெதுவாகச் சொன்னார்: "அந்தக் குதிரை இப்ப இல்ல பாய். நாலு மூவுக்கு முன்னாடியே வெட்டிட்டேன்."

ஒரு புகார்

பார்வையற்றவர்கள் ஆடும் பலகையில் ஒவ்வொரு கட்டத்திலும் துளை இருக்கும், காய்களைச் செருகி வைக்கலாம். எத்தனை தடவினாலும் குற்றமில்லை. காயைத் துளையிலிருந்து வெளியே எடுத்தால்தான் அது தொட்டதாகும். 2006 மாவட்டப் போட்டிக்கு அப்படி ஒரு பலகை வரவழைத்தேன். அந்த விதியை எல்லாருக்கும் இரண்டு தடவை படித்துக் காட்டினேன்.

கடைசிச் சுற்றில் மறுபடியும் அவர்கள் இரண்டு பேருமே வந்து சேர்ந்தார்கள். ஒவ்வொரு நகர்த்தலையும் ரஹீம் வாய்விட்டுச் சொன்னார், செல்வராஜ் தன் பலகையில் விரலால் தேடிச் செருகினார். பதினைந்தாவது நகர்த்தலில் ரஹீம் ஒரு சிப்பாயைச் சும்மா கொடுத்தார். செல்வராஜ் அதை வெட்டவில்லை. கையைத் தூக்கி என்னைக் கூப்பிட்டார். "மேடம், பாய் வேணும்னே தப்பா ஆடறாரு. ஒழுங்கா ஆடச் சொல்லுங்க." ரஹீம் தலையைக் குனிந்துகொண்டார். நான், "ஆடுங்க பாய்" என்று மட்டும் சொன்னேன்.

அதற்குப் பிறகு அவர் ஒழுங்காக ஆடினார். மூன்று மணி நேரம். செல்வராஜ் தோற்றார். மாநிலப் போட்டிக்கு ரஹீம் தேர்வானார். கை கொடுக்கும்போது ரஹீமின் கண் கலங்கியிருந்தது. பிடித்த கையை விடாமல் செல்வராஜ் சொன்னார்: "கடைசி ஒரு மணி நேரம் எனக்குக் கண்ணு தெரியாதுன்றதயே மறந்துட்டீங்க இல்ல பாய்? அது போதும்."

எத்தனையோ புகார்களுக்குத் தீர்ப்பு எழுதியிருக்கிறேன், ஆனால் எதிராளி தோற்கப் பார்க்கிறார் என்று வந்த அந்த ஒரு புகாரை எந்த விதியின் கீழ் எழுதுவது என்று தெரியாமல், அறிக்கையில் அந்த இடத்தை வெறுமையாகவே விட்டு அனுப்பினேன்.