காதுகுத்து ஃபிளெக்ஸில் ஆஸ்திரேலியா அக்கா

பல வருடங்களாக மதுரை லோக்கல் கேபிள் சேனலில் தொகுப்பாளராக இருக்கிறேன். ஒரு சீரியலில் நர்ஸாகவும் தலைகாட்டியிருக்கிறேன்.

இன்று பழங்காநத்தத்தில், எங்கள் தெருவில் ஆட்டோ ஓட்டும் முருகேசன் அண்ணன் மகளுக்குக் காதுகுத்து. மைக் பிடிக்க என்னைத்தான் கூப்பிட்டிருந்தார்.

மண்டப வாசலில் ஃபிளெக்ஸ். அதில் தாய்மாமன்களுக்கும் மேலே, கைகூப்பியபடி ஒரு வெள்ளைக்காரப் பெண்.

"இது யாருண்ணே?"

"ஆஸ்திரேலியா டிவில வர்றவுக. போன மாசம் கீழக்குயில்குடிக்கு ஷூட்டிங் வந்தப்ப நம்ம ஆட்டோலதான் சுத்துனாக. எப்பவாச்சும் நடிக்கவும் செய்வாகளாம். எம்புட்டு தன்மையான ஆளு தெரியுமா."

"நானும் டிவிலதாண்ணே வர்றேன்."

"நீ நம்ம வீட்டுப் பிள்ள. ஒனக்கு எதுக்கும்மா ஃபிளெக்ஸு?"

பிறகு, வாழ்த்துபவர்களில் முதலாவதாக அந்த ஆஸ்திரேலியா அக்காவின் பெயரை வாசிக்கச் சொன்னார். சிரித்துக்கொண்டே வாசித்தேன். மண்டபமே கைதட்டியது. அவரோ அங்கே இல்லவே இல்லை.

பந்தியில் உட்கார்ந்து செல்போனில் அவரைத் தேடினேன். அவரும் ஏதோ ஒரு தொடரில் நர்ஸாகத்தான் வந்திருக்கிறார். நடிப்பும் என் அளவுக்குத்தான்.

ஆஸ்திரேலியாவில் இருக்கும் நண்பர்களே, அங்கே யார் வீட்டிலாவது காதுகுத்து என்றால் சொல்லுங்கள். கைகூப்பிய போட்டோ ஒன்று எடுத்துத் தயாராக வைத்திருக்கிறேன்.