பதினெட்டாவது விளையாட்டு

என் நாட்குறிப்பில் ஒரு சனிக்கிழமைப் பக்கத்தில் நான்கு எண்கள் இருக்கின்றன: 7, 9, 12, 15. அவற்றின் கீழே 'இவை வேண்டாம்' என்று எழுதியிருக்கிறேன். வீட்டிலுள்ள பழைய வீடியோ கேம் பெட்டியில் இடம் போதாமல் போனதால், என் கணவர் ஒருநாளும் தொடாத நான்கு விளையாட்டுகளை அழிப்பதற்காகப் போட்ட பட்டியல் அது. அன்று காலையிலேயே நான்கை அழித்து முடித்தேன். அழிந்த நான்கில் ஒன்று, அவர் நாள் தவறாமல் விளையாடிவந்த ஒரே விளையாட்டு.

எப்படி நடந்தது என்பதை முறையாகச் சொல்கிறேன்.

என் கணவர் இருபத்திரண்டு வருடம் ஊர்காவற்றுறையிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு பஸ் ஓட்டியவர். பாரிசவாதம் வந்து இடப்பக்கம் விழுந்தது. மூன்று மாதத்தில் கால் திரும்பி வந்துவிட்டது. கை வரவில்லை. இடக்கைச் சுட்டுவிரல் பாதிதான் மடங்கும், அழுத்தம் இராது. ஆஸ்பத்திரியில் பயிற்சி கொடுக்கிற மிஸ் ஒரு ரப்பர் பந்தைத் தந்து நாள்தோறும் நசுக்கச் சொன்னா. அவர் அதை வீட்டுக்குக் கொண்டுவந்து அலுமாரிக்குள் போட்டார்.

"நான் என்ன நாய்க்குட்டியே, பந்து விளையாட?" என்றார்.

அடுத்த முறை போனபோது நான் இதை மிஸ்ஸிடம் சொன்னேன். அவ சிரித்துவிட்டு, "அப்ப அந்த விரல் தானா விரும்பிச் செய்யிற வேலை ஒண்டைத் தேடிப் பிடியுங்கோ" என்றா.

அந்த வேலை சுவிஸிலிருந்து வந்தது. கணவரின் தங்கை, எனக்கு மச்சாள், போன ஆவணியில் சுருவிலில் உள்ள எங்கள் வீட்டுக்கு வந்து நின்றபோது, தன் மகள் சிறுமியாக இருந்த காலத்தில் விளையாடிய கேம் பெட்டியைக் கொண்டுவந்து தந்துவிட்டுப் போனா. அதில் சீடித் தட்டுப் போடுவதில்லை. எல்லா விளையாட்டுகளும் இணையக் கடையில் வாங்கி உள்ளே இறக்கிவைத்தவை. பழைய பெட்டி என்பதால் அந்தக் கடை இப்போது அதற்கு எதையும் விற்பதில்லை. திரையில் வருகிற எழுத்து முழுவதும் ஜெர்மன். எனக்கும் அவருக்கும் அதில் ஒரு சொல்லும் விளங்காது.

இருபத்திமூன்று விளையாட்டுகளில் ஒன்று பஸ் ஓட்டுவது. பனி மலையில், வளைந்து வளைந்து போகிற ஒடுங்கிய றோட்டில், ஊர் ஊராக ஆட்களை ஏற்றி இறக்க வேண்டும். கைப்பிடியின் வலப்பக்கத்து விசையை அழுத்தினால் பஸ் ஓடும். இடப்பக்கத்து விசைதான் பிறேக். அதை இடக்கைச் சுட்டுவிரலால்தான் அழுத்த வேண்டும்.

முதல் நாள் அவர் பதினாறு தரம் மலையிலிருந்து விழுந்தார். எண்ணி எழுதியிருக்கிறேன். எங்கள் தீவில் உயர்ந்த இடம் என்று சொன்னால் அது கடலுக்குக் குறுக்கே போகிற பாலத்தின் ஏற்றம்தான். அப்படிப்பட்ட றோட்டில் ஓட்டின மனிதர் பனியில் பிறேக் இல்லாமல் இறங்கினார். பதினாறாம் தரம் விழுந்தபோது, "இருபத்திரண்டு வருசத்திலை ஒரு கோழி கூட அடிபடேல்லை" என்று திரையைப் பார்த்துச் சொன்னார். ஆனால் கைப்பிடியைக் கீழே வைக்கவில்லை.

அன்றிலிருந்து நாட்குறிப்பில் தினமும் ஒரு வரி கூடியது. எத்தனை தரம் விழுந்தார், எந்தப் பாதையில் நிற்கிறார், விரல் எவ்வளவு அழுத்தியது. பத்தாம் வாரம் விழுகை இரண்டுக்கு வந்தது. சேர்ட்டின் பொத்தானை அவரே பூட்டத் தொடங்கினார். விளையாட்டில் ஒன்பதாம் பாதை திறந்தது. அது முழுவதும் இறக்கம், ஓட்டுவதைவிட நிறுத்துவதுதான் வேலை.

அந்தப் பாதையின் நடுவில் ஒருநாள் திரையில் ஒரு ஜெர்மன் வாசகம் வந்து நின்றது. கைத்தொலைபேசியால் படம் எடுத்து மொழிபெயர்த்துப் பார்த்தேன். சேமிப்பதற்கு இடம் போதாது என்று இருந்தது. அவர் ஓட்டி முடித்த பாதைகளெல்லாம் இனிப் பதியாமல் போய்விடுமோ என்று பயந்தேன். அதனால்தான் பட்டியல் போட்டேன்.

நான் ஒரு அரசாங்கக் கந்தோரில் பதிவேட்டு அறையைப் பார்க்கிறவள். அங்கே பெயரைப் பார்த்து ஒன்றையும் எடுப்பதில்லை, இலக்கத்தைப் பார்த்துத்தான் எடுப்போம். ஒரு பைலை இறாக்கையிலிருந்து எடுத்தால் அந்த இடத்தில் ஒரு மட்டையைச் செருகிவைப்போம். பைல் அழிந்தாலும் இலக்கம் அழியாது, பக்கத்துப் பைல் நகர்ந்து வந்து அந்த இடத்தில் உட்காராது. பெட்டியின் அமைப்புகளுக்குள் இருந்த பட்டியலில் படம் இல்லை, வாசிக்கத் தெரியாத பெயர்கள் மட்டும். ஆகவே மேலிருந்து கீழாக எண்ணி, ஒன்று முதல் இருபத்திமூன்று வரை நாட்குறிப்புக் கொப்பியிலேயே எழுதினேன். முன்திரையில் படத்துக்குக் கீழே இருந்த எழுத்துகளோடு ஒப்பிட்டுப் பார்த்ததில், பஸ் விளையாட்டு பதினெட்டு. அதைச் சிவப்பு மையால் சுற்றிவைத்தேன்.

பிறகு ஏழாவதை அழித்தேன். பட்டியல் ஒரு படி மேலே ஏறியது. நான் அதைக் கவனிக்கவில்லை. ஒன்பது என்று எண்ணி அழித்தது உண்மையில் பத்து. பன்னிரண்டு என்று எண்ணியது பதினான்கு. பதினைந்து என்று எண்ணியது, சிவப்பு மையால் சுற்றிவைத்த பதினெட்டு.

பின்னேரம் அவர் கதிரையை இழுத்துப்போட்டுப் பெட்டியைத் திறந்தார். சிறிது நேரம் தேடினார்.

"பஸ்ஸைக் காணேல்லை" என்றார்.

கொப்பியையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தேன். இரண்டு நிமிடத்தில் எனக்கு விளங்கிவிட்டது. மறைக்கவில்லை.

"நான் அழிச்சுப்போட்டன். வேறை ஒண்டை அழிக்கிறன் எண்டு நினைச்சு."

"பரவாயில்லை, விடும்" என்றார்.

ஏசியிருந்தால் நல்லாய் இருந்திருக்கும். இனி பஸ் ஓட்ட ஏலாது என்று டாக்குத்தர் சொன்ன அன்றும் அவர் இதே குரலில் இதே சொல்லைத்தான் சொன்னார். எழுந்து போய்ச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார். மறுநாள் காலை சேர்ட்டைத் திறந்தபடியே இருந்தார். நான் போய்ப் பூட்டிவிட்டேன். இடக்கை, உடுத்திருந்த சாரத்தின் மடிப்புக்குள் இருந்தது.

ஞாயிறும் திங்களும் இப்படிப் போயின. இரண்டு நாளும் 'விரல்' என்று எழுதி எதிரே ஒரு கோடு போட்டேன்.

அந்த இரண்டு நாளும் நான் பெட்டிக்குள் தேடிக்கொண்டுதான் இருந்தேன். கடைக்குள் போய் விளையாட்டின் பெயரை ஒவ்வொரு எழுத்தாகத் தட்டினேன். படம் வந்தது, விலை போட்டிருந்த இடம் வெறுமையாக இருந்தது, அழுத்துவதற்கு ஒன்றும் இல்லை. திங்கள் பின்னேரம் மச்சாளுக்கு வீடியோவில் எடுத்து, கைத்தொலைபேசியைத் திரைக்கு நேரே பிடித்தேன்.

"மச்சாள், நீங்கள் நிக்கிறது கடையின்ரை முன்வாசலிலை" என்றா. "அங்கை இனி ஒண்டும் விக்கமாட்டாங்கள். வாங்கினதுக்கு வேறை இடம் இருக்கு. மேலை வலப்பக்கம் போங்கோ. சின்ன முகம் மாதிரி ஒண்டு தெரியுதே?"

"ஓம்."

"அதைத் திறந்து கீழை வாங்கோ. இன்னும் கீழை. நாலாவது வரி. அதுதான் நாங்கள் வாங்கின எல்லாத்தின்ரையும் லிஸ்ற்."

திறந்தது. ஒரு பக்கத்துக்குப் பத்துப் பெயர், வாங்கிய ஒழுங்கில். அழித்துவிட்ட எத்தனையோ விளையாட்டுகள் அங்கே வரிசையாக இருந்தன. எங்கள் பதிவேட்டு அறை நினைவுக்கு வந்தது. பைல் போனாலும் பதிவு இருந்தது. ஆறாம் பக்கத்தில் பஸ் நின்றது, பக்கத்தில் கீழ்நோக்கிய ஒரு அம்புக்குறி.

"காசு கேக்குமோ?"

"ஒருக்கா வாங்கினது. கேக்காது. ஆனா மச்சாள், அண்ணை ஓடினதெல்லாம் திரும்பி வருமோ எண்டு எனக்குத் தெரியாது. சில விளையாட்டிலை அது வேறையாக் கிடக்கும். சிலதிலை சேந்து போயிடும். வேறை ஒண்டையும் இப்ப அழிச்சுப்போடாதேங்கோ."

"நான் இனி ஒண்டையும் தொடமாட்டன்."

படுத்திருந்த இடத்திலிருந்து அவர் சத்தம் கொடுத்தார். "அவவின்ரை கந்தோரிலையும் இப்பிடித்தான் நடக்குது போலை. ஆற்றையோ காணி உறுதியைத் தேடினா இன்னொராளின்ரை கலியாண எழுத்து வரும்."

மச்சாள் சிரித்தா. நான் சிரிக்கவில்லை, ஆனால் இரண்டு நாளுக்குப் பிறகு அவர் என்னைப் பகிடி பண்ணியதைக் குறித்துக்கொண்டேன்.

செவ்வாய் பௌர்ணமி, போயா விடுமுறை. காலை ஏழரைக்குத் தொடங்கினேன். வீட்டுக்குள் சிக்னல் ஒரு கோடுதான். கிணற்றடியில் மூன்று கோடு. கைத்தொலைபேசியைப் பொலித்தீன் பையில் போட்டு, துணி காயப்போடுகிற கம்பத்தில் கட்டி, அதிலிருந்து பெட்டிக்கு இணையத்தைக் கொடுத்தேன். கம்பத்திலிருந்து ஜன்னல் பதினொரு அடி. ஜன்னலைத் திறந்துவைத்தபோதுதான் பெட்டி அதைப் பிடித்தது. பிடித்ததும், விளையாட்டுகளை வாங்கிய கணக்கின் பாஸ்வேட்டைக் கேட்டது. மச்சாளின் மகளுக்குச் செய்தி அனுப்பிவிட்டு, அங்கே விடியும்வரை காத்திருந்தேன். பதினொரு மணிக்குப் பதில் வந்தது: 'மாமி, இதுதான். இந்தப் பஸ்ஸிலை நான் நாலாம் பாதை தாண்டினதே இல்லை. மாமாட்டைச் சொல்லுங்கோ.'

சொன்னேன். அவர் எழுந்து வந்து கதிரையில் இருந்தார்.

"நாலையே தாண்டேல்லையாமோ?" என்று கேட்டார்.

"அப்பிடித்தான் எழுதியிருக்கிறாள்."

"பிறேக்கைப் பிழையாப் பிடிச்சிருப்பாள். விட்டு விட்டுப் பிடிக்க வேணும்."

பாஸ்வேட்டைப் போட்டு அம்புக்குறியை அழுத்தினேன். நூற்றுக்கு எத்தனை வீதம் இறங்கியது என்று காட்டுகிற நீலக் கோடு மெல்ல நகர்ந்தது. நாற்பத்தொரு வீதத்தில் மின்சாரம் நின்றது. திரை கறுத்துப்போனது. முப்பத்தைந்து நிமிடம் கழித்து மின்சாரம் வந்தது. பெட்டியைத் திறந்தேன், முதலிலிருந்து தொடங்கும் என்றே நினைத்தேன். நாற்பத்தொன்று என்று காட்டி, அங்கிருந்து நாற்பத்திரண்டுக்குப் போனது.

"பாத்தீரே," என்றார் அவர். "நிண்ட இடத்திலை இருந்து எடுக்குது."

பிறகு என் கொப்பியைக் கேட்டார். நான்கு எண்களையும் பட்டியலையும் கனநேரம் பார்த்தார். நான் செய்த பிழையை நான் விளக்காமலே கண்டுபிடித்தார்.

"நீர் மேலையிருந்து அழிச்சனீர். அதுதான் பிழை. முதல்லை பதினைஞ்சு, பிறகு பன்ரண்டு, ஒன்பது, கடைசியா ஏழு. கீழையிருந்து வந்திருந்தா மேலை இருக்கிற நம்பர் அசையாது. பின் சீற் ஆக்களை முதல் இறக்கினா முன் சீற் ஆக்கள் ஏன் எழும்பப்போகினம்?"

பதினேழு வருடம் பதிவேட்டு அறையில் இருக்கிறவளுக்கு இது தோன்றவில்லை. அவர் சொன்னதை அந்தப் பக்கத்திலேயே எழுதினேன். கீழே கோடும் போட்டேன்.

இரண்டரை மணிக்குக் கோடு நிறைந்தது. பஸ்ஸின் படம் திரும்பி வந்தது. பட்டியலில் அது இப்போது பதினெட்டாவது அல்ல, கடைசி. அவர் கைப்பிடியை மடியில் வைத்துக்கொண்டு, அழுத்தாமல் இருந்தார்.

"ஒண்டிலை இருந்து ஓடச்சொன்னா?" என்று கேட்டார்.

"ஓடுவீங்களோ?"

யோசித்தார். "தங்கச்சியின்ரை மகள் நாலைத் தாண்டேல்லை எண்டா, நான் ஒண்டிலை இருந்து ஓடினாலும் அவளை முந்திப்போடுவன்" என்றார்.

இதற்கு அவர் என்ன பதில் சொல்வாரோ என்றுதான் அந்த மூன்று நாளும் நான் பயந்துகொண்டிருந்தேன் என்று அப்போது எனக்குத் தெரிந்தது. அதன்பிறகு என்ன வந்தாலும் சரி என்று இருந்தது.

அழுத்தினார். பனி வந்தது, மலை வந்தது. பாதைகளின் வரிசை வந்தது. ஒன்று முதல் எட்டு வரை பச்சை. ஒன்பதில் மஞ்சள் விளக்கு எரிந்தது. விளையாட்டுத்தான் போயிருந்தது. அவர் ஓடிய ஓட்டம் பெட்டிக்குள் வேறு இடத்தில் பத்திரமாக இருந்திருக்கிறது.

முதல் தரம் மூன்றாம் வளைவில் விழுந்தார். மூன்று நாள் கை சும்மா இருந்ததன் பலன். இரண்டாம் தரமும் விழுந்தார். மூன்றாம் தரம் விரலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். விட்டு விட்டுப் பிடித்தது. ஒவ்வொரு வளைவுக்கும் முன்னால் விசை அடிவரை போய் வந்தது. கீழே ஊர் தெரிந்தது. பஸ் தரிப்புக் கோட்டுக்கு நேரே வந்து நின்றது, கதவு திறந்தது. குளிர் உடுப்புப் போட்ட ஆறு பேர் இறங்கினார்கள். கடைசி மனிதர் ஜெர்மனில் ஏதோ சொன்னார்.

"சரி, சரி, பாத்து இறங்கும்" என்றார் என் கணவர்.

நாட்குறிப்பை எடுத்தேன். அவர் ஒருநாளும் அதில் என்ன எழுதுகிறேன் என்று கேட்டதில்லை. அன்று கேட்டார்.

"என்ன எழுதிறீர்?"

"விழுகை ரண்டு. விரல் முழுசா அழுத்தினது. ஒன்பது முடிஞ்சுது."

"பத்து தொடங்கினது எண்டும் எழுதும்" என்றார், கைப்பிடியைக் கீழே வைக்காமல்.