இடைவேளையில் கூப்பிட்ட பெயர்

கதை விடுகிறேன் என்று நினைப்பவர்கள் இங்கேயே எழுந்து போகலாம். இது அந்தப் பள்ளிக்கூடத்து ஆயாவுக்கு நடந்தது. அதுவும் பட்டப்பகலில்.

மேட்டுத்தெருவுக்கும் ஆற்றங்கரைக்கும் நடந்த சண்டை ஓய்ந்தபோது ஊரில் மிஞ்சியது அந்த ஒரே பள்ளிக்கூடம்தான். காலையில் மேட்டுத்தெருப் பிள்ளைகள், மதியம் ஆற்றங்கரைப் பிள்ளைகள். ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்கக் கூடாதென்று நடுவில் ஒரு மணி நேர இடைவேளை. அப்போது ஆயா கூட்டிப் பெருக்குவாள். "குப்பை மட்டும் ரெண்டு பக்கமும் ஒண்ணுதான்" என்பாள்.

அவள் மேட்டுத்தெருக்காரி. ஆற்றங்கரை ஆட்கள் பிடித்துப்போன அவள் புருஷன் திரும்பவில்லை. பிணமும் கிடைக்கவில்லை. காத்திருந்து காத்திருந்து அவளுக்கு அழக்கூட அலுத்துவிட்டது.

அன்று மணி 12.40. பூட்டிய கடைசி வகுப்புக்குள் பெஞ்சு நகர்ந்தது. கிரீச்...

யாரோ ஒரு பெயரைக் கூப்பிட்டார்கள்.

"உள்ளேன் ஐயா."

பிள்ளையின் குரல் இல்லை. வளர்ந்த ஆணின் குரல்.

அடுத்தடுத்து பெயர்கள். எல்லாம் காணாமல் போனவர்களின் பெயர்கள். கடைசியாக அவள் புருஷன் பெயர்.

பதில் இல்லை.

'பேசிடாதே சாமி... பதில் சொல்றதெல்லாம் செத்தவங்க. பேசாத வரைக்கும் நீ உயிரோட இருக்கே' என்று புருஷனை மனசுக்குள் கெஞ்சினாள்.

மறுநாளும் அதே நேரம். அதற்கடுத்த நாளும். அவர் பெயரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள். வாரக்கணக்காக இதேதான். தூக்கம் போயிற்று, சோறு இறங்கவில்லை.

ஒருநாள் தாங்க முடியவில்லை. இந்தக் கூப்பாடு ஓய்ந்தால் போதும் என்றிருந்தது. கதவில் நெற்றியைச் சாய்த்து, அவருக்குப் பதிலாக அவளே சொல்லிவிட்டாள்.

"உள்ளேன் ஐயா."

உள்ளே பெஞ்சு விழுந்தது.

ஓடிவரும் காலடிச் சத்தம்...

"நீயா?"

அவள் புருஷன் குரல்.

பூட்டைத் திறந்தாள். வெறும் தூசி.

அதன் பிறகு சத்தமே இல்லை.

அடுத்த வருடம், காணாமல் போனவர்களைப் பற்றி விசாரிக்க ஒரு குழு வந்தது. இரண்டு பக்கமும் முதல்முறையாக ஒரே கூடத்தில் உட்கார்ந்தன. ஆற்றங்கரைத் தச்சர் ஒருவர் எழுந்து, பிடித்துப்போனவர்களுக்கு அன்று காவல் நின்றவன் நான்தான் என்றார்.

"கடைசி வகுப்புலதான் அடைச்சு வெச்சிருந்தோம். பதில் சொன்னா வீட்டுக்கு அனுப்புறோம்னு சொல்லி, பசங்க மாதிரி 'உள்ளேன் ஐயா' சொல்ல வெச்சாங்க. சொன்னவங்களை வெளியே கொண்டுபோய்ச் சுட்டாங்க. இந்த அக்கா வீட்டுக்காரர் வாயே திறக்கல. முகம் எங்க யாருக்கும் தெரியாது. அந்தப் பேருல ஆளே இல்லைன்னு, மிச்சம் இருந்தவங்களோட அவரையும் விட்டுட இருந்தோம்."

ஆயாவின் பக்கம் திரும்பினார்.

"அப்போ கதவுக்கு வெளியே ஒரு பொம்பளைக் குரல் 'உள்ளேன் ஐயா'ன்னுச்சு. வெளியே யாருமே இல்லை. அவர்தான் 'நீயா?'ன்னு கத்திக்கிட்டு எழுந்து ஓடிவந்தார். அதுலதான் ஆள் யாருன்னு தெரிஞ்சுபோச்சு."

மேட்டுத்தெருவே எழுந்து தச்சரைச் சபித்தது. ஆயா மட்டும் வாய் திறக்கவில்லை.